மூணு கட்டை டார்ச்சும் பவர் பேங்கும்

மேலூர், வாடிப்பட்டிப் பக்கம் இரவில் முறைத் தண்ணீர் பாய்ச்சப் போனவர்கள் கையில் அன்று டார்ச் லைட் இருந்தது. ரெண்டு கட்டை, மூணு கட்டை என்று, உள்ளே போடும் பேட்டரிக் கட்டையின் கணக்கில் கேட்டுத்தான் வாங்குவார்கள். கட்டை கூடினால் குழாய் நீளும், வெளிச்சமும் கூடும். சக்தி எவ்வளவு என்பது கையில் எடுத்தவுடனே தெரிந்துவிடும். ஒளி மங்கினால் கட்டைகளைக் கழற்றி ஓட்டின் மேல் வெயிலில் காயவைப்பார்கள். இன்னும் ஓரிரு இரவு ஓடும். மறந்து உள்ளேயே விட்டால் கசிந்து, அடியிலுள்ள சுருள்கம்பியை அரித்துவிடும்.

இன்று அதே வரப்பில் செல்போன் வெளிச்சம். அழகர் ஆற்றில் இறங்குவதைக் காண வைகைக் கரையில் இரவெல்லாம் விழித்திருப்பவர்களின் பையில் பவர் பேங்க்.

அந்தப் பவர் பேங்குக்குள் இருக்கும் லித்தியம் அயனி பேட்டரியை சோனி 1991இல் விற்பனைக்குக் கொண்டுவந்தது. 18 மில்லிமீட்டர் விட்டமும் 65 மில்லிமீட்டர் நீளமும் கொண்ட 18650 என்னும் உருளைச் செல், தொண்ணூறுகளில் சுமார் 1200 எம்ஏஎச் (மில்லி ஆம்பியர் மணி) கொள்ளும். இன்று அதே உருளையில் 3500 வரை அடங்குகிறது. சில ஆண்டுகளுக்கு முன் 10400 என்ற எண்ணோடு பவர் பேங்குகள் வந்தன அல்லவா? 2600 எம்ஏஎச் செல்கள் நான்கு; அதுதான் அந்தக் கணக்கு. அந்தப் பவர் பேங்கின் எடை 250 கிராம். மூணு கட்டைகளின் எடையும் ஏறக்குறைய அவ்வளவுதான். ஆனால் கட்டை ஒருமுறையோடு சரி. இதை நூற்றுக்கணக்கான முறை ஏற்றலாம். இது பெரிய வரவு.

போனது கைக்கணக்கு. 10000 என்று போட்டிருந்தாலும் அது உள்ளே இருக்கும் செல்லின் 3.7 வோல்ட்டில் சொன்ன கணக்கு. 5 வோல்ட்டுக்கு உயர்த்தி, வெப்பமாகப் போனது போக, போனுக்கு 6000 சொச்சம்தான் வந்து சேரும். பின்புறம் பொடி எழுத்தில் அதையும் அச்சிடுகிறார்கள். முன்புறம் பெரிதாக இருப்பதோ 10000.

இதாவது கணக்கு. உள்ளங்கைக்குள் அடங்கும் பெட்டியில் 50000 என்று அச்சிட்டு விற்பது அப்பட்டமான ஏமாற்று. ஒரேயொரு செல்லும், கனத்துக்காக ஒரு மணல் பொட்டலமும் வைத்த பெட்டிகள் பிரித்தபோது அகப்பட்டிருக்கின்றன. திருவிழாவுக்கு வந்த இடத்தில் கூலிக்காசைக் கொடுத்து அதை வாங்குகிறவரை நினைத்தால் மனம் கொதிக்கிறது. உண்மையான 50000க்கு, இன்றைய நல்ல செல்லிலேயே 15 வேண்டும்; செல்களின் எடை மட்டும் 700 கிராம் ஆகும்.