இடப்பக்கமே திரும்பும் பந்தயம்: நரேன் கார்த்திகேயன் மீண்டும் கற்ற இயற்பியல்

மாணவர்களே, பந்தயக் கார் என்றதும் உங்கள் கண்முன் வருவது எது? பெரும்பாலோர் ஃபார்முலா 1 வண்டியைத்தான் சொல்வீர்கள். தரையோடு தரையாகப் படுத்திருக்கும் உடல், முன்னும் பின்னும் இறக்கைகள், மூடப்படாத சக்கரங்கள். 1999 முதல் 2017 வரை நம் செப்பாங் தடத்தில் அந்தப் பந்தயம் ஆண்டுதோறும் நடந்தது. உங்கள் அண்ணன்மார்களைக் கேட்டால் கதை கதையாகச் சொல்வார்கள்.

அந்தச் செப்பாங் தடத்தில் ஓட்டியவர்களுள் ஒருவர் தமிழ்நாட்டின் கோயம்புத்தூரைச் சேர்ந்த நரேன் கார்த்திகேயன். ஃபார்முலா 1 பந்தயத்தில் ஓட்டிய முதல் இந்தியர் என்று அவரைப் பலருக்கும் தெரியும். ஆனால் 2010இல், தம் 33ஆம் வயதில், அவர் அமெரிக்கா சென்று முற்றிலும் வேறான ஒரு வண்டியில், ஒரு கிலோமீட்டர்கூட இல்லாத குறுந்தடத்தில் புதியவராகப் போய் நின்றார். அது பலருக்குத் தெரியாது. அங்கே அவர் எதை எதிர்கொண்டார் என்பதைப் புரிந்துகொள்ள, நீங்கள் வகுப்பில் படிக்கும் இயற்பியலே போதும்.

கோவையிலிருந்து செப்பாங் வரை

நரேன் 1977 ஜனவரி 14இல் பிறந்தவர். தந்தை ஜி. ஆர். கார்த்திகேயன் இந்தியாவின் பெயர்பெற்ற ராலி ஓட்டுநர். மகனின் முதல் பந்தயம் சென்னைக்கு அருகிலுள்ள ஸ்ரீபெரும்புதூரில், ஃபார்முலா மாருதி என்ற சிறிய வண்டியில் நடந்தது. 1992இல் பிரான்சின் எல்ஃப் வின்ஃபீல்ட் பந்தயப் பள்ளியில் பயின்றார். 1996இல் ஃபார்முலா ஆசியா தொடரின் வாகையர் ஆனார். 2001இல் ஜாகுவார் அணியின் ஃபார்முலா 1 வண்டியைச் சோதனை ஓட்டமாக ஓட்டினார். ஆனால் பந்தயத்தில் இறங்க இன்னும் நான்கு ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது. 2005இல்தான் ஜோர்டான் அணியில் இடம் கிடைத்தது. அவருடைய இரண்டாவது ஃபார்முலா 1 பந்தயம் செப்பாங்கில் நடந்தது. அதில் 11ஆவதாக வந்தார்.

அதே ஆண்டு ஜூன் 19இல் அமெரிக்காவின் இண்டியானாபோலிஸ் தடத்தில் அவர் நான்காம் இடம் பெற்று, ஃபார்முலா 1இல் புள்ளி எடுத்த முதல் இந்தியரானார். அந்த வெற்றிக்குப் பின்னால் ஒரு வளைவும் சில டயர்களும் இருக்கின்றன. அதற்குப் பிறகு வருவோம். முதலில் வளைவைப் பற்றிப் பேசுவோம்.

வளைவில் என்ன நடக்கிறது?

பள்ளிப் பேருந்து வேகமாக வலப்பக்கம் திரும்பும்போது நீங்கள் இடப்பக்கம் சாய்கிறீர்கள். ஏதோ ஒன்று வெளியே தள்ளுவதுபோல் தோன்றும். உண்மையில் யாரும் தள்ளவில்லை. உங்கள் உடல் நேராகப் போகவே முயல்கிறது. பேருந்துதான் உங்களுக்குக் கீழே திரும்புகிறது. இதுவே நிலைமம்.

ஒரு பொருள் வட்டப் பாதையில் போக வேண்டுமானால், வட்டத்தின் மையத்தை நோக்கி அதை ஏதாவது ஒன்று இழுத்துக்கொண்டே இருக்க வேண்டும். இதை மையநோக்கு விசை என்கிறோம். படிவம் நான்கில் மலாய் மொழியில் 'டாயா மெமுசாட்' என்று படிப்பீர்கள். காருக்கு இந்த விசையைத் தருவது எது? டயருக்கும் சாலைக்கும் இடையிலுள்ள உராய்வுதான். உள்ளங்கை அளவுக்குத் தரையைத் தொடும் நான்கு ரப்பர் பரப்புகள்தாம் காரைத் தடத்தில் பிடித்து வைத்திருக்கின்றன.

தேவைப்படும் விசை, பொருண்மையை வேகத்தின் வர்க்கத்தால் பெருக்கி, வளைவின் ஆரத்தால் வகுத்தால் கிடைக்கும். இதில் 'வர்க்கம்' என்ற சொல்லைக் கவனியுங்கள். வேகம் இருமடங்கானால் தேவைப்படும் விசை நான்கு மடங்காகும்.

காகிதக் கவ்வி வடிவத் தடம்

இப்போது நரேன் 2010 மார்ச்சில் போய் நின்ற இடத்துக்குப் போவோம். வர்ஜீனியா மாநிலத்தின் மார்டின்ஸ்வில் தடம் 1947இல் திறக்கப்பட்டது. அமெரிக்காவில் 'நாஸ்கார்' என்ற அமைப்பு நடத்தும் பந்தயங்களுக்கு ஸ்டாக் கார் பந்தயம் என்று பெயர். கடையில் விற்கும் காரை அப்படியே கொண்டுவந்து ஓட்டிய காலத்தில் வந்த பெயர் அது. இன்று வெளித்தோற்றம் மட்டுமே கடைக் காரைப் போன்றது. உள்ளே எஃகுக் குழாய்ச் சட்டமும் பெரிய வி8 இயந்திரமும் இருக்கின்றன. ஒரு மைலுக்குக் குறைவான நீளமுள்ள தடங்களைக் குறுந்தடங்கள் என்பார்கள். மார்டின்ஸ்வில் 0.526 மைல், அதாவது சுமார் 847 மீட்டர்.

அதன் வடிவம் காகிதக் கவ்வியை ஒத்தது: இரண்டு நேர்ப்பாதைகள், இரண்டு முனைகளிலும் இறுக்கமான அரைவட்டங்கள். நேர்ப்பாதை ஒவ்வொன்றும் சுமார் 244 மீட்டர். மீதியைக் கணக்கிடுங்கள். 847இலிருந்து 488ஐக் கழித்தால் 359 மீட்டர். இரு அரைவட்டங்களும் சேர்ந்து ஒரு முழு வட்டம் எனக் கொண்டால், ஆரம் சுமார் 57 மீட்டர். இவ்வளவு சிறிய வட்டத்தில் முப்பதுக்கும் மேற்பட்ட வண்டிகள் 250 சுற்றுகள் ஓட வேண்டும். ஒரு சுற்றுக்குச் சுமார் 20 வினாடிதான் ஆகும்.

நரேன் ஓட்டியது பிக்அப் லோரி வடிவ வண்டி. நம் ஊர்த் தோட்டங்களில் ஓடும் ஹைலக்ஸ் போன்ற தோற்றம். எடை சுமார் 1,500 கிலோகிராம். 2005இல் அவர் ஓட்டிய ஃபார்முலா 1 வண்டியின் குறைந்தபட்ச எடை, ஓட்டுநரையும் சேர்த்து, 600 கிலோகிராம்தான். அந்த வண்டிக்கு இறக்கைகள் உண்டு. வேகம் கூடக்கூடக் காற்று அதைத் தரையோடு அழுத்தும், பிடிப்பும் கூடும். லோரி வண்டிக்கு அந்த உதவி மிகக் குறைவு. குறுந்தடத்தின் மெதுவான வளைவுகளில் இன்னும் குறைவு.

வண்டி வளைவில் மணிக்கு 90 கிலோமீட்டர், அதாவது வினாடிக்கு 25 மீட்டர் வேகத்தில் போவதாகக் கொள்வோம். 25இன் வர்க்கம் 625. அதை 57ஆல் வகுத்தால் சுமார் 11 கிடைக்கும். வளைவில் மையத்தை நோக்கிய முடுக்கம் இவ்வளவு. இது புவியீர்ப்பு முடுக்கமான 9.8ஐவிட அதிகம். தரை சமதளமாக இருந்தால் இதற்கு 1.12 அளவு உராய்வுக் கெழு வேண்டும்.

சாய்வு செய்யும் உதவி

ஆனால் மார்டின்ஸ்வில் வளைவுகள் சமதளமல்ல; உட்பக்கம் தாழ்ந்து, வெளிப்பக்கம் உயர்ந்து, 12 பாகை சாய்ந்திருக்கின்றன. 30 சென்டிமீட்டர் அடிக்கோலின் ஒரு முனையைச் சுமார் 6 சென்டிமீட்டர் உயர்த்திப் பாருங்கள். ஏறக்குறைய அதுதான் 12 பாகை.

சாய்ந்த தரை வண்டியை நேர்மேலே தாங்குவதில்லை. சற்று உட்பக்கமாகவும் தள்ளுகிறது. அந்தத் தள்ளல் மையநோக்கு விசையின் ஒரு பகுதியைத் தந்துவிடுகிறது. கணக்கிட்டால், உராய்வே இல்லாத பனிக்கட்டித் தரையாக இருந்தாலும் இந்தச் சாய்வில் மணிக்குச் சுமார் 39 கிலோமீட்டர் வேகத்தில் வண்டி வழுக்காமல் சுற்றும். 90 கிலோமீட்டர் வேகத்துக்குத் தேவையான உராய்வுக் கெழுவோ 1.12இலிருந்து 0.73ஆகக் குறைந்துவிடும்.

அப்படியானால் எல்லா வளைவுகளையும் சாய்த்துவிடலாமே? அங்கேதான் இண்டியானாபோலிஸ் நம் உதவிக்கு வருகிறது. சாய்ந்த வளைவில் வேகமாகப் போகும்போது டயர் தரையோடு அழுந்தும் விசையும் கூடுகிறது. நம் மார்டின்ஸ்வில் கணக்கிலேயே அது ஐந்தில் ஒரு பங்கு அதிகம். 2005இல் இண்டியானாபோலிஸின் 13ஆவது வளைவு சுமார் 9 பாகை சாய்ந்திருந்தது. ஃபார்முலா 1 வண்டிகள் அதில் முழு வேகத்தில் பாய்ந்தன. பயிற்சியின்போது ரால்ஃப் ஷூமாக்கரின் டயர் செயலிழந்து வண்டி சுவரில் மோதியது. மிஷெலின் நிறுவனம் தன் டயர்கள் அந்த வளைவைத் தாங்கும் என்று உறுதி கூற முடியாது என்றது. பந்தய நாளில் மிஷெலின் டயர் பூட்டிய 14 வண்டிகள் அறிமுகச் சுற்றோடு விலகிக்கொண்டன. பிரிட்ஜ்ஸ்டோன் டயர் பூட்டிய ஆறு வண்டிகள் மட்டுமே ஓடின. அவற்றுள் ஒன்று நரேனுடையது. அவருடைய அந்தப் புள்ளிகள் டயரும் சாய்வும் சேர்ந்து எழுதியவை. ஆனால் ஆறு வண்டிகளில் ஒன்றைப் பிழையின்றி இறுதிவரை ஓட்டிச் சேர்த்தது அவர் கைதான்.

500 முறை கொதிக்கும் நீர்

மார்டின்ஸ்விலில் இன்னொரு சோதனை பிரேக். நேர்ப்பாதை முடிவில் வினாடிக்கு 50 மீட்டர் வேகத்தில் வரும் வண்டியை 25 மீட்டராகக் குறைக்கிறோம் என்று கொள்வோம். இழக்கும் இயக்க ஆற்றல் சுமார் 1.4 மில்லியன் ஜூல். அதில் பெரும்பகுதி பிரேக் வட்டுகளில் வெப்பமாகிறது. அத்தனையும் நீருக்குப் போனால், 30 பாகை செல்சியஸில் உள்ள கிட்டத்தட்ட 5 லிட்டர் நீர் கொதிநிலைக்கு வந்துவிடும். ஒரு சுற்றுக்கு இரண்டு முறை. 250 சுற்றுக்கு 500 முறை! வட்டுகள் செந்தணலாக ஒளிர்வதை இரவுப் பந்தயங்களில் வெறும் கண்ணாலேயே காணலாம். ஃபார்முலா 1 வண்டியின் கார்பன் பிரேக்கைக் கடைசி நொடியில் ஓங்கி மிதிக்கப் பழகியவர், இங்கே பிரேக்கைச் சேமித்துச் சேமித்து மிதிக்கப் பழக வேண்டும்.

இதுபோல் அவர் மாற்றிக்கொள்ள வேண்டியவை பல. வண்டிகள் எப்போதும் இடப்பக்கமே திரும்புவதால், வலப்பக்க டயர்கள் சற்றுப் பெரியவையாக இருக்கும். பக்கத்தில் வரும் வண்டி ஓட்டுநருக்குச் சரியாகத் தெரியாது. பார்வையாளர் மாடத்தின் உச்சியில் நிற்கும் ஒருவர் வானொலியில் வழி சொல்வார். வண்டிகள் ஒன்றையொன்று உரசுவது அங்கே அன்றாட நிகழ்வு.

இத்தனைக்கும் நடுவே, தம் முதல் பந்தயத்தில் நரேன் 13ஆவதாக வந்தார். நாஸ்காரின் தேசியத் தொடர் ஒன்றில் ஓட்டிய முதல் இந்தியர் அவர். அந்த ஆண்டு ஒன்பது பந்தயங்களில் ஓட்டினார். ரசிகர்களின் வாக்குகளால் லோரித் தொடரின் 'மிகவும் விரும்பப்பட்ட ஓட்டுநர்' விருதையும் பெற்றார்.

பிறகு மீண்டும் ஃபார்முலா 1க்குத் திரும்பினார். 2012இல் செப்பாங்கில் பெருமழை. மற்ற பலர் குறைந்த மழைக்கான டயருடன் தொடங்கினர். நரேன் ஆழமான பள்ளங்கள் கொண்ட முழு மழை டயருடன் தொடங்கினார். பள்ளங்கள் நீரை வாரி வெளியேற்ற, ரப்பர் தரையைத் தொட்டது. மற்றவர்கள் டயர் மாற்ற ஒதுங்கினர். மழையால் பந்தயம் நிறுத்தப்பட்டபோது, மிக மெதுவான வண்டிகளுள் ஒன்றான அவருடையது பத்தாம் இடத்தில் நின்றது! பின்னர் செபாஸ்டியன் வெட்டலின் வண்டியோடு உரசி 20 வினாடி தண்டனை பெற்றுப் பின்தங்கினார். ஆயினும் அந்தச் சில சுற்றுகளில், இயந்திரத்தின் வலிமையைவிட உராய்வு பெரிது என்பதை நம் நாட்டு மண்ணிலேயே கண்டோம்.

நம் சாலையில் இதே கணக்கு

மாணவர்களே, இந்தக் கணக்கு பந்தயத் தடத்துக்கு மட்டும் உரியதல்ல. ஹுத்தான் மெலிந்தாங்கிலிருந்து தெலுக் இந்தானுக்குப் போகும் சாலையையும், செம்பனைத் தோட்டத்துக்குள் போகும் பாதைகளையும் நினைத்துப் பாருங்கள். தோட்டப் பாதை வளைவுகளை யாரும் கணக்கிட்டுச் சாய்த்து வைக்கவில்லை. 30 மீட்டர் ஆரமுள்ள சமதள வளைவு ஒன்றை எடுத்துக்கொள்வோம். உலர்ந்த தார்ச்சாலையின் உராய்வுக் கெழு 0.7 என்றால், மோட்டார் சைக்கிள் வழுக்காமல் போகக்கூடிய உச்ச வேகம் மணிக்குச் சுமார் 52 கிலோமீட்டர். மழையில் கெழு 0.4ஆகக் குறைந்தால் அது 39 கிலோமீட்டர். லோரியிலிருந்து சிந்திய மண் கிடந்தால் இன்னும் குறையும். இந்தக் கணக்கில் உங்கள் திறமைக்கோ துணிச்சலுக்கோ இடமே இல்லை. பொருண்மைகூட இருபுறமும் அடிபட்டுப் போகிறது.

இரவில் சாலையில் பந்தயம் விடும் ரெம்பிட் கும்பலைப் பார்த்து, "பயமில்லாதவன்தான் ஓட்டுநர்" என்று நினைத்துவிடாதீர்கள். உலகின் கடினமான பந்தயங்களில் ஓட்டியவர்கூட, வண்டி மாறியதும் எல்லையை முதலிலிருந்து அளந்து கற்றார். அதுவும் சுவரும் மருத்துவக் குழுவும் தீயணைப்பாளர்களும் உள்ள தடத்தில். எதிரே பள்ளி வேன் வரும் சாலையில் அல்ல.

செய்து பாருங்கள்

வாய் அகன்று அடி குறுகிய பிளாஸ்டிக் குவளை ஒன்றைத் தரையில் படுக்க வைத்து உருட்டுங்கள். அது எந்தப் பக்கம் வளைகிறது? வலப்பக்க டயர் ஏன் பெரியது என்பதற்கு விடை கிடைக்கும்.

அடுத்து, மார்டின்ஸ்வில் வளைவில் வேகம் 90இலிருந்து 100 கிலோமீட்டராகக் கூடினால் தேவையான மையநோக்கு விசை எத்தனை விழுக்காடு கூடும்? வேகம் கூடுவது 11 விழுக்காடுதான். விசைக்கான விடையைக் கணக்கிட்டு, நாளை உங்கள் அறிவியல் ஆசிரியரிடம் காட்டுங்கள்.