தலையாட்டும் பேய்!

பேய்ப் படத்துக்கு நம்மிடம் ஒரு ஃபார்முலா உண்டு. பாழடைந்த பங்களா, வெள்ளைப் புடவை, கொலுசுச் சத்தம். கடைசி ரீலில் மந்திரவாதி வந்து எலுமிச்சம்பழம் நறுக்கினால், சுபம்!

'ஜேக்கப்ஸ் லேடர்' (1990) படத்தில் இந்த அயிட்டம் எதுவும் கிடையாது. ஆனால், பார்த்த ராத்திரி பாத்ரூம் லைட்டை அணைக்க எனக்கு மனசு வரவில்லை!

ஹீரோ டிம் ராபின்ஸ், டாக்டர் பட்டம் வாங்கினவர். வியட்நாம் போருக்குப் போய் வந்தபின், 'யோசிக்கிற வேலையே வேண்டாம்பா' என்று நியூயார்க் தபால் இலாகாவில் சேர்ந்துவிடுகிறார். ஒரு ராத்திரி பாதாள ரயிலில் தூங்கி விழிக்கிறார். ஸ்டேஷன் கேட் பூட்டு! தண்டவாளத்தைத் தாண்டப் போனால், மோதுகிற மாதிரி ரயில் வருகிறது. ஜன்னல்களில் முகங்கள்... அவற்றில் ஏதோ சரியில்லை.

ஓர் உருவத்தின் தலை மட்டும் படுவேகமாக ஆடும் பாருங்கள், ஈரக்குலை நடுங்கும். கம்ப்யூட்டர் ஜாலமெல்லாம் இல்லை சார். நடிகரைத் தலையாட்டச் சொல்லி, காமிராவை மெதுவாக ஓட்டி எடுத்து, வழக்கமான 24 ஃபிரேம் வேகத்தில் ஓடவிட்டார் டைரக்டர் ஏட்ரியன் லைன். அவ்வளவுதான்!

கதை, ப்ரூஸ் ஜோயல் ரூபின். அதே வருஷம் 'கோஸ்ட்' எழுதி ஆஸ்கர் வாங்கிய அதே ஆசாமி!

என்னை உலுக்கிய இடம் வேறு. பழைய பட்டாளத்து நண்பன் ஒருவன், தன்னையும் பிசாசுகள் துரத்துவதாகச் சொல்கிறான். தனக்கு மட்டும்தான் பைத்தியம் பிடிக்கிறதோ என்று பயந்துகொண்டிருந்த ஹீரோவின் முகத்தில் அப்போது தெரிகிறதே ஒரு நிம்மதி... ஐயோ பாவம்!

அமெரிக்கச் சிப்பாய்கள் 58,000 பேருக்கு மேல் செத்தார்கள். வியட்நாமியர் லட்சக்கணக்கில். 1975-ல் சரித்திரம் கணக்கை மூடிவிட்டது. திரும்பி வந்தவனுக்கோ தினமும் 'கேரி ஓவர்'! வெடிச் சத்தத்துக்குப் பதறுவதும், தூக்கத்தில் அலறுவதும் ஒரு நோய் என்று ஒப்புக்கொண்டு, அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் 'பி.டி.எஸ்.டி.' என்று தன் பட்டியலில் சேர்த்தது 1980-ல்தான். அதுவரை அவனுக்குக் கிடைத்த பெயர் 'கோழை'.

இது போர்க்களத்தோடு நிற்கிற சமாசாரமும் இல்லை. வீட்டில் அடி வாங்கி வளர்ந்தவர், விபத்தை நேரில் பார்த்தவர், கலவரத்தில் சிக்கியவர்... யாருக்கும் வரலாம்.

முடிவு என்னவா? மூச்! சொன்னால் உதைக்க வருவீர்கள்.

ஒன்று மட்டும். டிராயரை அறைந்து சாத்தும் சத்தத்துக்கே பக்கத்து சீட்டுக்காரருக்குத் தூக்கிவாரிப் போட்டால், 'என்ன சார், பயந்துட்டீங்களா?' என்று சிரிக்காதீர்கள். டீ குடிக்கக் கூட்டிக்கொண்டு போங்கள். அவராகப் பேசட்டும்.