ஒலியைத் தேடி – 14: பச்சை லேம்ப்ஷேடு

டீலியா டெர்பிஷயரை 1962-இல், பிபிசியின் ரேடியோஃபோனிக் பட்டறையில், டேப்பும் பிளேடுமாக விட்டுவிட்டு வந்தோம். கேம்பிரிட்ஜில் கணக்கும் இசையும் படித்தது, ஒலிப்பதிவுக் கூடத்தில் பெண்களுக்கு வேலை இல்லை என்று டெக்கா இசைத்தட்டு நிறுவனம் திருப்பி அனுப்பியது எல்லாம் போன வாரமே ஆயிற்று. இந்த வாரம் 'டாக்டர் ஹூ' தொடரின் தலைப்பிசை என்று வாக்குக் கொடுத்திருந்தேன். பொறுத்துக்கொள்ளுங்கள், நடுவில் ஒரு லேம்ப்ஷேடு வந்து உட்கார்ந்துவிட்டது.

பிபிசி அறைகளில் தொங்கிய சாதாரணத் தகர லேம்ப்ஷேடு. பச்சை. அந்த நிறம் டீலியாவுக்குப் பிடிக்கவில்லை, ஓசை பிடித்துவிட்டது. தட்டினால் அழகாக ரீங்கரிக்குமாம். தட்டிப் பதிவு செய்தார். பிறகு, தட்டிய சத்தத்தையே எடுத்துவிட்டார். மூன்று நாளாக எனக்கு வேறு நினைப்பே இல்லை.

'டங்' என்று சொல்லிப் பாருங்கள். அதில் 'ட'வை விட்டுவிட்டால் 'ங்ங்ங்' மட்டும்தான் மிஞ்சும். இது தகரம், இதை எதனாலோ அடித்தார்கள் என்று காதிடம் கோள் சொல்வது அந்த 'ட'தான். அது போய்விட்டால் ஓசைக்கு ஊரும் கிடையாது, பேரும் கிடையாது.

வீட்டில் செய்து பார்க்காமல் இருக்க முடியுமா? பித்தளைத் தாம்பாளத்தை ஒரு விரல் நுனியில் நிறுத்தி, மரக்கரண்டியால் தட்டி, செல்போனில் பதிந்து, முதல் கால் நொடியை வெட்டினேன். மனைவியைக் கூப்பிட்டுப் போட்டுக் காட்டினேன். "யாரோ ஆர்மோனியத்துல ஒரே கட்டையை அழுத்திட்டு இருக்காங்களா?" என்றாள். விஷயத்தைச் சொன்னதும், "வெள்ளிக்கிழமை பூஜைக்கு அந்தத் தாம்பாளம் வேணும்" என்பதோடு உரையாடல் முடிந்தது.

எனக்கு இதற்குமேல் ஓடவில்லை. டீலியா கணக்குக்காரி. அந்த ரீங்காரத்துக்குள் இருந்த அதிர்வெண்களைப் பிரித்து, வலுவான 12-ஐப் பொறுக்கினார். பட்டறையில் 12 ஆஸிலேட்டர்கள், அதாவது வேண்டிய அதிர்வெண்ணில் ஒலி எழுப்பும் மின்கருவிகள், இருந்தன. ஆளுக்கொன்றாகப் பங்கிட்டு, லேம்ப்ஷேடைத் தொடாமலே அதன் குரலை மறுபடி எழுப்பினார்.

எதற்காக இவ்வளவு பாடு? சஹாராவின் துவாரெக் மக்களைப் பற்றிய ஒரு தொலைக்காட்சி ஆவணப்படத்துக்காக. வெயிலில் மணல் நடுங்குகிறது, தூரத்தில் ஒட்டக வரிசை. அந்த வெயிலுக்குத்தான் லேம்ப்ஷேடு. குளம்படிக்குத் தன் குரலையே பதிந்து துண்டு துண்டாக நறுக்கிக்கொண்டார். ஒட்டகங்கள் முதுகில் பச்சை லேம்ப்ஷேடையும் குளம்பில் தன் குரலையும் சுமந்துகொண்டு போயின என்று பின்னாளில் அவரே கேலியாகச் சொல்லியிருக்கிறார்.

'ட' இல்லாத ஓசைமேல் இந்த ஆசை எங்கிருந்து வந்தது? டீலியா பிறந்தது 1937-இல், கவென்ட்ரியில். 1940 நவம்பர் 14 இரவு ஜெர்மன் விமானங்கள் அந்த ஊரைக் கொளுத்தியபோது மூன்று வயதுக் குழந்தை. விமானத் தாக்குதலுக்கு முன் ஊதும் அபாயச் சங்கைத்தான் தன் மின்னணு இசையின் ஊற்றுக்கண் என்று சொல்லிவந்தார். சங்கொலி எங்கிருந்தோ ஊறி, ஏறி, இறங்கும். கவனித்தீர்களா, அதற்கும் 'ட' கிடையாது!

பக்கம் தீர்ந்தது, 'டாக்டர் ஹூ' தள்ளிப்போகிறது. திட்டுவதற்கு முன் ஒரு துணுக்கு. 1963-இல் அந்த மெட்டை எழுதிக் கொடுத்தவர் ரான் கிரெய்னர். டீலியா அதை டேப்பில் ஒவ்வொரு சுரமாக வெட்டி ஒட்டி முடித்ததைக் கேட்டுவிட்டு, இதையா நான் எழுதினேன் என்று திகைத்தார். பெரும்பாலும், என்றார் டீலியா. அவருக்கும் பங்கு தர கிரெய்னர் தயார், பிபிசி ஒப்பவில்லை. அந்தத் தொடரின் திரையில் டீலியாவின் பெயர் வந்தது 2013-இல். அவர் இறந்து 12 ஆண்டுகள் ஆகியிருந்தன.

அந்தக் கதை அடுத்த வாரம். இன்று வியாழன், தாம்பாளத்தைத் திருப்பித் தர வேண்டும்.

(தொடரும்)