கிழங்குக்கும் மீனுக்கும் துணையாக ஒரு பட்டாணி மசியல்

வடசேரி கனகமூலம் சந்தைக்குப் போய்த் திரும்பும் பையில் மரச்சீனிக் கிழங்கு இருப்பது சாதாரணம். குளச்சலிலோ முட்டத்திலோ கரையேறிய சாளை நாகர்கோவில் வீடுகளின் சட்டிக்கு வந்து சேர்வதும் அப்படித்தான். இவற்றோடு பலசரக்குக் கடையில் கால் கிலோ உலர்ந்த பச்சைப் பட்டாணியையும் வாங்கிவிட்டால், இங்கிலாந்துக்காரர்கள் பெருமையோடு சொல்லிக்கொள்ளும் ஒரு சாப்பாட்டுக்கு வேண்டிய மூன்றும் கைக்கு வந்துவிடும். பொரித்த மீன், கிழங்கு, மசித்த பட்டாணி. அங்கே உருளைக்கிழங்கு, இங்கே மரச்சீனி. வித்தியாசம் அவ்வளவுதான்.

அந்த மூன்றாவது பண்டத்துக்கு அங்கே 'மஷி பீஸ்' என்று பெயர். மீன் வறுவலும் உருளைக்கிழங்கு வறுவலும் விற்கும் கடைகளில், வட இங்கிலாந்தில் குறிப்பாக, கேட்காமலே நினைவுக்கு வரும் தொட்டுகை இது. இரண்டாம் உலகப் போரின்போது இறைச்சி, வெண்ணெய், சர்க்கரை எல்லாம் ரேஷனுக்குப் போயின. மீனும் உருளைக்கிழங்கு வறுவலும் மட்டும் ரேஷனுக்கு வெளியே நின்றன. ஆலைத் தொழிலாளியின் வயிறு நிறைய வேண்டுமே! நாட்டிங்ஹாம் பக்கம் பட்டாணியின் தலையில் புதினாச் சாறும் வினிகரும் கலந்து ஊற்றுவார்கள். விகன் நகரத்திலோ வறுவல் மேல் பட்டாணி வெந்த தண்ணீரையே ஊற்றிக் கேட்கிறவர்கள் உண்டு. நம் ஊரில் கஞ்சித் தண்ணீரை வீணாக்காத வீடுகளுக்கு இது புதிதாகத் தோன்றாது.

பட்டாணியைக் குழைய வேகவைத்தால் முடிந்தது, இதில் எழுத என்ன இருக்கிறது என்று தோன்றலாம். ஆனால் தமிழ்ச் சமையல் பட்டாணியை எதிர்த் திசையில்தான் பழக்கி வைத்திருக்கிறது. மெரினாவின் தேங்காய் மாங்காய்ப் பட்டாணிச் சுண்டலில் மணி உடைந்தால் விற்பவருக்கே பிடிக்காது. மும்பையின் ரக்டாவில் பாதி மணி கரையும், பாதி நிற்கும். கல்கத்தாவின் குக்னியும் ஏறக்குறைய அந்த ரகம். முழுக்கக் கரைய விட்டு, அதே நேரம் கூழாகிவிடாமல் அங்கங்கே மணியின் உருவம் நாக்கில் தட்டுப்படும்படி நிறுத்துவதுதான் மஷி பீஸின் கைப்பக்குவம்.

முதல் கேள்வி, எந்தப் பட்டாணி? சூப்பர் மார்க்கெட்டில் உறையவைத்துப் பாக்கெட்டில் வரும் பட்டாணியோ ஊட்டியிலிருந்து வரும் பச்சைக் காயோ இதற்குச் சரிப்படாது. அரைத்தால் இனிப்பான பச்சைச் சட்னி மாதிரி ஏதோ ஒன்று கிடைக்கும், பிடிமானம் இருக்காது. காரணத்தைத் தேடிப் போனால் கிரிகோர் மெண்டலின் தோட்டத்துக்கே போய்ச் சேர வேண்டியிருக்கும். பரம்பரைக் குணங்களின் கணக்கை 1866-ல் வெளியிட்ட அந்தத் துறவி தேர்ந்தெடுத்த ஏழு குணங்களில் ஒன்று, விதை உருண்டையா சுருங்கியதா என்பது. அந்தச் சுருக்கத்துக்குக் காரணமான மரபணுவை இங்கிலாந்தின் நார்விச் நகர ஆய்வாளர்கள் 1990-ல் கண்டுபிடித்தார்கள். மாவுச்சத்தைக் கிளைவிட்டு வளர்க்கும் என்சைம் ஒன்று சுருங்கிய பட்டாணியில் வேலை செய்வதில்லை. அதனால் மாவு குறைந்து சர்க்கரை கூடுகிறது. பச்சையாகத் தின்பதற்கு இனிப்பான வகைகளை வளர்த்தார்கள். மசியலுக்கு வேண்டியதோ மாவு. கொடியிலேயே முற்றிக் காயும்வரை விட்டுப் பறிக்கிற 'மாரோஃபாட்' என்னும் பெரிய பட்டாணியைத்தான் இங்கிலாந்தில் இதற்கு வைத்திருக்கிறார்கள். நம் கடைகளின் உலர்ந்த பச்சைப் பட்டாணி அதைவிடச் சிறியது, உருண்டையானது. வேலைக்கு அது போதும். தோல் நீக்கி உடைத்த பட்டாணிப் பருப்பை எடுத்தால் சீக்கிரம் வெந்துவிடும், ஆனால் மணியே இல்லாத வழவழப்பு வரும். அதற்குப் பருப்பே கடைந்துவிடலாம்.

வாங்கியதும் ஒரு சின்னச் சோதனை செய்துவிடுவது நல்லது. ஒரு கைப்பிடிப் பட்டாணியைக் கண்ணாடித் தம்ளர் தண்ணீரில் போட்டு அரைமணி நேரம் விட வேண்டும். தண்ணீரில் பச்சை நிறம் தனியாகப் பிரிந்து இறங்கினால் சாயம் ஏற்றிய சரக்கு. இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையமே வீட்டில் செய்து பார்க்கச் சொல்லும் சோதனை இது. சாயத்தில் இங்கிலாந்தும் பின்தங்கியதல்ல. அங்கே டின்னில் விற்ற மஷி பீஸ் பலவற்றின் பளிச் பச்சை, டார்ட்ரசின் என்ற மஞ்சளும் பிரில்லியன்ட் புளூ என்ற நீலமும் சேர்ந்து கொடுத்தது. வீட்டில் செய்தால் அந்தப் பளபளப்பு வராது. பாசி படிந்த பச்சைதான் வரும், அதுவே சரி.

இனி சோடா. கால் கிலோ பட்டாணிக்கு ஒரு லிட்டர் தண்ணீர், ஒரு சின்ன தேக்கரண்டி ஆப்பச்சோடா. இரவு ஊறப்போட்டுக் காலையில் பார்த்தால் மணி இரண்டு மடங்கு பருத்திருக்கும், தோல் சுருங்கிக் கழன்றுகொள்ளத் தயாராக நிற்கும். இங்கிலாந்தில் உலர்ந்த பட்டாணிப் பாக்கெட்டோடு சோடா மாத்திரையும் உள்ளே வைத்தே விற்பார்கள். அந்தச் சிட்டிகைக்குள் நடப்பது இதுதான்: காய், பயறு எல்லாவற்றிலும் செல்லையும் செல்லையும் ஒட்டவைத்திருப்பது பெக்டின் என்ற பசை. அந்தப் பசையை இறுக்கிக் கட்டுவது கால்சியமும் மக்னீசியமும். காரத்தன்மை உள்ள தண்ணீரில் பசை வேகமாக உடைகிறது, சோடியம் உள்ளே புகுந்து கால்சியத்தை இடம்பெயர்க்கிறது. செல்கள் தனித்தனியாகப் பிரிந்தால் அதுதான் மசியல். உப்புக் கரிக்கிற கிணற்றுத் தண்ணீரில் பயறு மணிக்கணக்காக வேகாமல் கிடப்பதற்கும் காரணம் இதே கால்சியம்தான். புளியோ தக்காளியோ எலுமிச்சையோ முதலிலேயே சேர்த்தால் பசை இறுகிவிடும். இங்கிலாந்தில் வினிகரைத் தட்டில் வைத்த பிறகே ஊற்றுவதில் இப்படி ஓர் அர்த்தம் உண்டு.

பச்சை நிறத்துக்கும் சோடா கொஞ்சம் காவல். அமிலம் பட்டால் பச்சையத்தின் நடுவிலிருக்கும் மக்னீசியம் கழன்று நிறம் மங்கும். காரம் அதைத் தடுக்கும். அதற்காக அள்ளிப் போட்டால் சோப்பு வாடை வரும், தயமின் என்ற பி1 வைட்டமினும் அழியும். ஊறிய தண்ணீரை முழுக்கக் கொட்டிவிட்டு, இரண்டு மூன்று முறை அலசியே ஆக வேண்டும். வாயுத் தொல்லைக்குக் காரணமான ராஃபினோஸ், ஸ்டாக்கியோஸ் சர்க்கரைகளில் ஒரு பங்கும் அந்தத் தண்ணீரோடு போய்விடும். ரத்த அழுத்தத்துக்கு மருந்து சாப்பிடுகிறவர்கள் இருக்கும் வீட்டில் சோடாவைப் பாதியாக்கி, வேகும் நேரத்தைக் கூட்டிக்கொள்ளலாம்.

அடுப்பில் வைக்கக் குக்கரைவிட அடிகனமான சட்டி நல்லது. குக்கரில் நுரை பொங்கி வெயிட் துளையை அடைக்கும். அதில்தான் வைப்பேன் என்றால் பாதிக்கு மேல் நிரப்பக் கூடாது. சட்டியில் பட்டாணிக்கு மேல் இரண்டு விரற்கடை நிற்கும்படி புதுத் தண்ணீர் ஊற்றிக் கொதிக்கவிட்டு, மேலே திரளும் நுரையை எடுத்துவிட்டுத் தீயைத் தணிக்க வேண்டும். இருபது நிமிடம் வரை ஒன்றும் நடக்காதது போல இருக்கும். பிறகு தோல்கள் மேலே மிதக்கத் தொடங்கும், தண்ணீர் கலங்கும். அரைமணிக்கு மேல் ஆனதும் கொதியின் சத்தமே மாறும். சலசலப்பு போய், கெட்டியான குழம்பு போல 'பொளக் பொளக்' என்று குமிழி வெடிக்கும். அங்கிருந்து நகரக் கூடாது, அடிப்பிடிக்கும். சிரட்டை அகப்பையின் முதுகால் சட்டியின் ஓரத்தில் பாதி மணியை நசுக்கினால் போதும், மிக்சி வேண்டாம். மிக்சி செல்லையே கிழித்து மாவை வெளியே விட்டுப் பசையாக்கிவிடும். உப்பு, ஒரு சிட்டிகைச் சர்க்கரை, ஒரு துண்டு வெண்ணெய் போட்டு இறக்கும்போது கொஞ்சம் தளர்வாகவே இருக்க வேண்டும். ஆறினால் நன்றாக இறுகும்.

நாஞ்சில் நாட்டுச் சமையலுக்கு மசிந்த பயறு புதிதா என்ன? கல்யாண வீட்டு இலையில் முதலில் விழுவதே வறுத்த சிறுபயற்றம்பருப்பை வேகவைத்துத் தேங்காயும் சீரகமும் அரைத்துவிட்ட பருப்புதான். அதன் மேல் நெய், பக்கத்தில் பப்படம். மரச்சீனியும் இந்த மண்ணுக்கு வந்தேறிதான். 1880 முதல் 1885 வரை திருவிதாங்கூரை ஆண்ட விசாகம் திருநாள் மகாராஜா அதைப் பயிரிடச் சொல்லி ஊக்குவித்தார். 1956 நவம்பர் 1-ல் கன்னியாகுமரி மாவட்டமாகத் தமிழ்நாட்டோடு சேர்ந்த பிறகும் இங்கே கிழங்கும் மீனும் இலையை விட்டுப் போகவில்லை. அந்த ஜோடிக்கு நடுவே பட்டாணியை உட்காரவைக்கும்போது நம்மவர்களுக்கு வரும் முதல் ஆசை, தாளித்துவிடுவது. தேங்காயெண்ணெயில் கடுகு, கறிவேப்பிலை, நாலு சின்ன உள்ளி வரை தாங்கும். அதற்கு மேல் மசாலாத் தூள் போட்டால் பட்டாணிக் கறியாகிவிடும். நல்லமிளகும் மிளகாய்த்தூளும் தடவிப் பொரித்த சாளைக்கு எதிரில் இது சாதுவாக இருப்பதுதான் அழகு. காரம் தலைக்கேறிய நாக்குக்கு ஒரு வாய் பட்டாணி, பிறகு மறுபடியும் மீன். பொடியாக நறுக்கிய புதினாவையும் எலுமிச்சைச் சாற்றையும் கடைசியில் சேர்த்தால் நாட்டிங்ஹாம்காரர்கள் கூடக் குறை சொல்ல மாட்டார்கள்.

மிச்சமானால் ஃபிரிட்ஜில் இரண்டு மூன்று நாள் தாங்கும். எடுத்துச் சுடவைக்கும்போது அரைத் தம்ளர் வெந்நீர் விட்டுக் கிளற வேண்டும். தண்ணீர் விடாமல் உருட்டி, மாவில் முக்கி, எண்ணெயில் பொரிப்பது இன்னொரு வழி. இங்கிலாந்துக் கடைகளில் அதுவும் விற்பனைக்கு உண்டு. வறுத்த சிறுபயற்றுப் பொடியை வெல்லப்பாகில் உருட்டி அரிசிமாவில் முக்கிப் பொரித்து முந்திரிக்கொத்து செய்யும் ஊருக்கு அதன் செய்முறையைச் சொல்ல வேண்டியதில்லை. மசியல் இறுகி இருக்கிறதா என்று மட்டும் பார்த்துக்கொள்ள வேண்டும். தளர்வாக இருந்தால் எண்ணெயில் பிரிந்துவிடும்.