கல்லீரலில் கட்டி: நோய்க் குறியீட்டில் ஓர் எழுத்து மாறினால் என்ன ஆகும்?

வயிற்று வலிக்காக ஸ்கேன் எடுக்கப் போனவரின் ரிப்போர்ட்டில் "கல்லீரலில் எஸ்.ஓ.எல்." என்று ஒரு வரி இருந்துவிட்டால், அன்றிரவு அந்த வீட்டில் யாருக்கும் தூக்கம் வராது. எஸ்.ஓ.எல். என்பது "இடத்தை அடைத்துக்கொண்டிருக்கும் ஏதோ ஒன்று" என்பதற்கான ஆங்கிலச் சுருக்கம், அவ்வளவுதான். அது நீரா, சீழா, இரத்தக்குழாய் முடிச்சா, புற்றுநோயா என்று அந்த மூன்று எழுத்துகள் சொல்வதில்லை. அதைக் கண்டுபிடிக்கத்தான் அடுத்தடுத்த பரிசோதனைகள்.

அந்த ரிப்போர்ட் மருத்துவரின் மேஜையோடு நின்றுவிடுவதில்லை. பில் போடும் இடத்திலும், இன்சூரன்ஸ் கம்பெனிக்குப் போகும் படிவத்திலும் அந்த "ஏதோ ஒன்று" ஓர் எழுத்தும் சில எண்களும் கொண்ட குறியீடாக மாறுகிறது. க்ளெய்மைப் பார்க்கும் அதிகாரி நம் வாப்பாவையோ உம்மாவையோ பார்க்கப் போவதில்லை. அவர் முதலில் பார்ப்பது அந்தக் குறியீட்டைத்தான்.

இந்த விஷயம் நம் வீடுகளை இரண்டு பக்கமும் தொடுகிறது. ஊரிலும் வளைகுடாவிலும் இன்சூரன்ஸில் சிகிச்சை பெறுபவர்கள் ஒரு பக்கம். சென்னை, திருச்சி, கோவை அலுவலகங்களில் அமெரிக்க மருத்துவமனைகளுக்காக மெடிக்கல் கோடிங் வேலை பார்க்கும் நம் பிள்ளைகள் இன்னொரு பக்கம். தொழிலில் இருப்பவர்களையே தடுமாற வைக்கும் தலைப்புகளில் கல்லீரல் கட்டியும் ஒன்று என்பதால், இரு தரப்புக்கும் சேர்த்தே இதை எழுதுகிறோம்.

குறியீடு எங்கிருந்து வருகிறது?

உலக சுகாதார அமைப்பு வெளியிடும் நோய் வகைப்பாட்டுப் பட்டியலுக்கு ஐ.சி.டி. என்று பெயர். அதன் பத்தாவது பதிப்பு 1990-இல் ஏற்கப்பட்டது. பதினொன்றாவது பதிப்பு 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்துவிட்டாலும் நம் நாட்டு இன்சூரன்ஸ் படிவங்களில் இன்னும் பத்தாவது பதிப்புதான் புழங்குகிறது. மருத்துவமனை நிரப்ப வேண்டிய க்ளெய்ம் படிவத்தின் 'பி' பகுதியில் இதற்கென்றே கட்டங்கள் உள்ளன. அமெரிக்கா இதே பத்தாவது பதிப்பை இன்னும் நுணுக்கமாகப் பிரித்து, ஐ.சி.டி.-10-சி.எம். என்ற பெயரில் 2015 அக்டோபர் முதல் பயன்படுத்துகிறது. துபாயிலும் அபுதாபியிலும் புழங்குவது இந்த அமெரிக்க வடிவம். சவூதியில் ஆஸ்திரேலிய வடிவம்.

இந்த வேறுபாட்டைப் பலரும் பொருட்படுத்துவதில்லை. கல்லீரலில் வரும் ஹெமாஞ்சியோமா என்ற இரத்தக்குழாய்க் கட்டிக்கு உலக சுகாதார அமைப்பின் பட்டியலில் டி 18.0 என்று எழுதினால் போதும். அமெரிக்க வடிவத்தில் அது முழுமை பெறாத குறியீடு. வயிற்றுக்குள் உள்ள உறுப்பு என்று காட்ட டி 18.03 என்று எழுத வேண்டும். ஊரில் சிகிச்சை எடுத்துவிட்டு டிஸ்சார்ஜ் சம்மரியோடு துபாய் திரும்புபவர், அதிலுள்ள குறியீட்டை அப்படியே அங்குள்ள க்ளெய்மில் போடச் சொன்னால் அது திரும்பி வரக்கூடும். அங்குள்ள மருத்துவர் நோயின் பெயரைப் படித்து, அங்குள்ள பட்டியலிலிருந்து புதிதாகத்தான் எழுத வேண்டும்.

இன்று தெரிந்தது எவ்வளவோ, அவ்வளவே

சரியான குறியீட்டைத் தேர்ந்தெடுப்பதற்கு அடிப்படை ஒன்றுதான்: மருத்துவர் இன்றைய தேதியில் எதை உறுதியாக எழுதியிருக்கிறாரோ, அதை மட்டுமே குறியீடு சொல்ல வேண்டும். கூடவும் கூடாது, குறையவும் கூடாது.

முதல் ஸ்கேனில் தெரிந்தது ஒரு நிழல் மட்டும் என்றால் ஆர் 93.2. கல்லீரல், பித்தக்குழாய்ப் படங்களில் காணப்பட்ட இயல்புக்கு மாறான தோற்றம் என்பது அதன் பொருள். மருத்துவர் 'லீஷன்' என்று எழுதினால் அமெரிக்கப் பட்டியலின் அகரவரிசை கே 76.9-க்குக் கொண்டுபோகிறது. 'மாஸ்' என்று எழுதினால்தான் கோடர்களிடையே வாக்குவாதம் தொடங்கும். சிலர் கல்லீரல் வீக்கத்துக்கான ஆர் 16.0 என்பார்கள்; சிலர் கே 76 வரிசையில் நிற்பார்கள். 'கல்லீரல் மாஸ்' என்ற பெயரிலேயே தனிக் குறியீடு இருந்திருந்தால் இந்தச் சண்டை வந்திருக்காது. அலுவலகத்தின் எழுதப்பட்ட நடைமுறை எதுவோ அதன்படி போய், எல்லா ஃபைலிலும் ஒரே மாதிரி எழுதுவதுதான் இதில் விவேகம். எப்படியும் இவற்றில் ஒன்றுகூட 'புற்று' என்று சொல்வதில்லை.

அதனால் இந்தச் சச்சரவைவிட ஆபத்தானது வேறொன்று: 'மாஸ்' என்ற சொல்லைப் பார்த்தவுடன் 'டியூமர்' வரிசைக்குத் தாவுவது. அமெரிக்கப் பட்டியலில் டி 49 என்ற பிரிவின் தலைப்பிலேயே, வேறு விதமாகச் சொல்லப்படாதவரை 'மாஸ்' என்பதைப் புதுவளர்ச்சியாகக் கொள்ளக் கூடாது என்று எழுதிவைத்திருக்கிறார்கள். படிக்காமல் போகிறவர்கள் அதிகம்.

அடுத்த குழப்பம் டி 37.6. கல்லீரல், பித்தப்பை, பித்தக்குழாய்களில் 'தன்மை நிச்சயமற்ற' புதுவளர்ச்சி என்பது அதன் தலைப்பு. "இன்னும் என்னவென்று தெரியவில்லை, அதனால் நிச்சயமற்றது" என்று எண்ணி இதைப் போட்டுவிடுகிறார்கள். இங்கே நிச்சயமற்றது என்பது நம் அறியாமையைக் குறிப்பதில்லை. திசுவை எடுத்து நுண்ணோக்கியில் பார்த்த நோயியல் மருத்துவரே, இது சாதுவாக இருக்குமா புற்றாக மாறுமா என்று அறுதியிட முடியவில்லை என எழுதினால்தான் இந்தக் குறியீடு. பயாப்ஸியே செய்யாதவரின் ஃபைலில் டி 37.6 இருந்தால், அது பெரும்பாலும் தவறு. மருத்துவர் 'டியூமர்' என்று மட்டும் எழுதி, வேறு விவரம் எதுவுமே தராத நிலைக்குத்தான் டி 49.0.

'புற்றாக இருக்கலாம்', 'சந்தேகம்' போன்ற சொற்களுக்கு அமெரிக்க விதிகளில் இரண்டு முகங்கள் உண்டு. வெளிநோயாளியாக வந்து போனவருக்குச் சந்தேகத்தைக் குறியீடாக்கக் கூடாது. தெரிந்த அறிகுறியையோ ஸ்கேனில் கண்டதையோதான் எழுத வேண்டும். மருத்துவமனையில் தங்கி வீடு திரும்புபவரின் டிஸ்சார்ஜ் சம்மரியில் கடைசி நாளிலும் 'புற்றுநோயாக இருக்கலாம்' என்றே இருந்தால், அது உறுதியான நோயைப் போலவே குறியிடப்படும். ஒரே மனிதர், ஒரே கட்டி. வெளிநோயாளிப் பில்லில் ஆர் வரிசை, உள்நோயாளிப் பில்லில் சி வரிசை. புதிதாக வேலைக்குச் சேரும் பிள்ளைகள் தேர்வில் கோட்டைவிடுவது இங்கேதான்.

பெயர் தெரிந்த பிறகு

கல்லீரலில் காணப்படும் சாதுவான கட்டிகளில் அதிகமானது, மேலே சொன்ன ஹெமாஞ்சியோமா. பெரும்பாலோருக்கு அது எந்தத் தொந்தரவும் தராமல், வேறு எதற்கோ எடுத்த ஸ்கேனில் தற்செயலாகத் தெரியவருவது. சாதாரண நீர்க்கட்டியும், எஃப்.என்.எச். என்று சுருக்கமாகச் சொல்லப்படும் முடிச்சும் அமெரிக்க வடிவத்தில் கே 76.89-இல் அடங்கும். அடினோமா என்றால் டி 13.4. நாயின் வழியாகப் பரவும் நாடாப்புழுவால் வரும் ஹைடாடிட் நீர்க்கட்டி தொற்றுநோய் வரிசையில் பி 67.0. இதையும் சாதாரண நீர்க்கட்டியையும் ஒன்றாக எழுதினால், ஏன் அறுவை சிகிச்சை தேவைப்பட்டது என்பதே பில்லில் தெரியாமல் போய்விடும்.

சீழ்க்கட்டியிலும் இதே கதைதான். அமீபாவால் வந்தால் ஏ 06.4, பாக்டீரியாவால் வந்தால் கே 75.0. குழாய் வைத்துச் சீழ் எடுத்து ஒரு வாரம் தங்க வைத்திருப்பார்கள். பில்லில் வெறும் 'கல்லீரல் லீஷன்' என்ற குறியீடு இருந்தால், இதற்கு ஏன் ஒரு வாரம் என்று இன்சூரன்ஸ் அதிகாரி கேட்பதில் தப்பில்லை.

புற்று என்று உறுதியான பிறகும் ஒரு கேள்வி மிச்சமிருக்கிறது. அது கல்லீரலிலேயே பிறந்ததா, வேறு இடத்திலிருந்து வந்ததா? கல்லீரல் செல்லிலேயே தொடங்கியது சி 22.0; கல்லீரலுக்குள் இருக்கும் பித்தக்குழாயில் தொடங்கியது சி 22.1. குடலிலோ மார்பிலோ தொடங்கிக் கல்லீரலுக்குப் பரவியது என்றால் சி 78.7, அதோடு ஆரம்ப இடத்தின் குறியீடும் சேர வேண்டும். பேச்சுவழக்கில் எல்லாமே 'லிவர் கேன்சர்'தான். மருந்தும் இன்சூரன்ஸ் அனுமதியும் இதைப் பொறுத்தே மாறும் என்பதால், "கல்லீரலில் ஆரம்பித்ததா, பரவியதா?" என்று மருத்துவரிடம் நேரடியாகக் கேட்டு, அந்தப் பதிலை சம்மரியில் எழுதச் சொல்லுங்கள்.

சிர்ரோசிஸ் அல்லது நாள்பட்ட ஹெபடைட்டிஸ் பி உள்ளவர்களுக்கு இன்னொரு நுட்பம் உண்டு. இவர்களின் கட்டியை ரேடியாலஜி மருத்துவர்கள் எல்.ஐ.-ராட்ஸ் என்ற அளவுகோலில் வகைப்படுத்துவார்கள். எல்.ஆர்.-1 என்றால் நிச்சயமாகச் சாதுவானது; எல்.ஆர்.-5 என்றால் கல்லீரல் செல் புற்று என்பது உறுதி. எல்.ஆர்.-5 வந்துவிட்டால் பல நேரங்களில் பயாப்ஸி இல்லாமலேயே சிகிச்சை தொடங்கிவிடுவார்கள். ஊசி குத்துவதில் இரத்தக்கசிவும், ஊசி போன வழியில் புற்றுச் செல் படியும் ஆபத்தும் உண்டு என்பதால் இது மருத்துவ ரீதியாகச் சரியானதே. ஆனால் கோடர் அந்த எண்ணைப் பார்த்துத் தானாகவே சி 22.0 என்று எழுதிவிடக் கூடாது. நோயின் பெயரை மருத்துவர்தான் எழுத வேண்டும்.

இதில் குடும்பங்களுக்கு ஒரு முக்கியமான தகவல். நம் நாட்டில் 'கிரிட்டிகல் இல்னஸ்' பாலிசிகளில் புற்றுநோய்க்கான பொது வரையறை, திசுப் பரிசோதனை ஆதாரம் வேண்டும் என்கிறது. ஸ்கேனை மட்டும் வைத்து முடிவு செய்த நோயாளியின் ஃபைலில் சி 22.0 எவ்வளவு சரியாக இருந்தாலும் அந்தப் பாலிசிப் பணத்தில் சிக்கல் வரலாம். அப்படியொரு பாலிசி இருந்தால் சிகிச்சை தொடங்குவதற்கு முன்பே மருத்துவரிடம் சொல்லிவிடுங்கள். பணத்துக்காகத் தேவையில்லாத பயாப்ஸி கேட்கச் சொல்லவில்லை. அறுவை சிகிச்சை செய்வதாக இருந்தால் எடுத்த பகுதியே திசுப் பரிசோதனைக்குப் போகும், அந்த ரிப்போர்ட்டைப் பத்திரப்படுத்தினால் போதும். மற்ற நிலைகளில் முடிவு மருத்துவருடையது.

குடிக்காதவருக்குக் குடிகாரர் குறியீடு

கட்டியோடு சேர்த்து அடிப்படைக் கல்லீரல் நோயையும் எழுதுவார்கள். இந்த இடத்தில் நம் குடும்பங்கள் கூடுதல் கவனத்தோடு இருக்க வேண்டும். மதுவால் வரும் கல்லீரல் நோய்கள் கே 70 வரிசையில் வரும். சர்க்கரை நோய், உடல் பருமனோடு வரும் கொழுப்புக் கல்லீரல் கே 76.0. மற்ற வகைச் சிர்ரோசிஸ் கே 74 வரிசை. ஹெபடைட்டிஸ் பி என்றால் பி 18.1. வாழ்நாளில் மதுவைத் தொடாதவரின் ஃபைலில்கூட, சிர்ரோசிஸ் என்றவுடன் அவசரத்தில் கே 70 விழுந்துவிட வாய்ப்புண்டு. மனவருத்தம் ஒரு பக்கம் இருக்கட்டும். நம் நாட்டு மருத்துவ இன்சூரன்ஸ் பாலிசிகளின் பொதுவான விலக்குகளில், மதுப்பழக்கத்துக்கும் அதன் விளைவுகளுக்குமான சிகிச்சையும் ஒன்று. அந்த ஓர் எழுத்தும் இரண்டு எண்களும் முழு க்ளெய்மையும் நிராகரிக்கப் போதுமான காரணமாகிவிடும்.

எனவே அட்மிஷன் நேரத்தில் "குடிப்பழக்கம் உண்டா?" என்று கேட்டால், கோபப்படாமல் "இல்லை" என்று தெளிவாகச் சொல்லி, அது கேஸ் ஷீட்டில் பதிவானதா என்று பாருங்கள். குறிப்பேட்டில் இருந்தால்தான் பின்னால் வாதாட முடியும்.

தவறு இருந்தால்

குறியீட்டைத் திருத்தும்படி பில் கவுன்டரில் இருப்பவரிடம் சண்டை போட்டுப் பயனில்லை. டிஸ்சார்ஜ் சம்மரியில் மருத்துவர் எழுதியதைப் பார்த்துத்தான் அவர் குறியீடு போடுகிறார். முதலில் சிகிச்சை தந்த மருத்துவரைப் பார்த்து, இறுதியான நோயின் பெயர், பயாப்ஸி ரிப்போர்ட்டின் தேதி, கட்டி தொடங்கிய இடம் ஆகியவற்றைத் தெளிவாக்கித் திருத்திய சம்மரியோ கூடுதல் குறிப்போ கேளுங்கள். பயாப்ஸி முடிவு டிஸ்சார்ஜுக்குப் பிறகு வருவது சாதாரணம். அப்போது இது கட்டாயம் தேவை. பழைய சம்மரியைக் கிழித்துப் போடாமல் இரண்டையும் வைத்துக்கொள்ளுங்கள்.

மருத்துவப் பதிவேடுகளைக் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும் என்று 2002-ஆம் ஆண்டின் மருத்துவர் நடத்தை விதிமுறைகள் சொல்கின்றன. எழுத்து மூலம் கேளுங்கள். திருத்திய சம்மரியோடு க்ளெய்மை மறுபரிசீலனை செய்யச் சொல்லி இன்சூரன்ஸ் கம்பெனியின் குறைதீர்ப்புப் பிரிவுக்கு எழுதுங்கள். ஒரு மாதத்தில் பதில் வராவிட்டாலோ, பதில் திருப்தி தராவிட்டாலோ இன்சூரன்ஸ் ஆம்பட்ஸ்மனிடம் போகலாம். கம்பெனி மறுத்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் போக வேண்டும். சென்னையில் அதற்கு அலுவலகம் இருக்கிறது. கட்டணம் கிடையாது, வக்கீலும் தேவையில்லை.