பக்கத்து ரூமில் நழுவிய கரண்ட்!

1825-ம் வருஷம். சுவிட்சர்லாந்தின் ஜெனிவா நகரம். ழான் டேனியல் கொலாடோன் என்று ஓர் இளைஞர். வயது 22. நம்ம ஊராக இருந்தால் 'ஏதாவது பரீட்சை எழுதி ஒரு கவர்மென்ட் வேலைக்குப் போயேன்டா' என்று வீட்டில் நச்சரித்துக் கொண்டிருக்கும் பிராயம். அவரோ ஒரு காந்தத்தையும் ஒரு கம்பிச் சுருளையும் வைத்துக்கொண்டு மல்லாடிக் கொண்டிருந்தார்.

காரணம் இருந்தது. அதற்கு ஐந்து வருஷம் முன்னால், 1820-ல், டென்மார்க்கில் அர்ஸ்டெட் என்கிற பேராசிரியர் ஒரு விஷயத்தைக் கண்டுபிடித்திருந்தார். கம்பியில் கரண்ட் ஓடினால் பக்கத்திலிருக்கும் திசைகாட்டி முள் திரும்புகிறது. அதாவது கரண்ட்டிலிருந்து காந்தம் பிறக்கிறது. உடனே ஐரோப்பாவில் எல்லா விஞ்ஞானிகளும் ஒரே கேள்வியைக் கேட்டார்கள்: "அப்படீன்னா காந்தத்திலேர்ந்து கரண்ட் வரணுமே?"

கொலாடோன் கம்பியைச் சுருளாகச் சுற்றி, இரண்டு முனைகளையும் கால்வனாமீட்டரில் இணைத்தார். துளியூண்டு கரண்ட் ஓடினாலும் முள்ளை அசைத்துக் காட்டிக் கொடுக்கும் கருவி அது. ஆனால் ஒரு சிக்கல். பக்கத்திலேயே பெரிய காந்தத்தை ஆட்டினால் அந்தக் காந்தமே முள்ளை இழுத்துவிடுமே? கரண்ட்டால் அசைந்ததா, காந்தத்தால் அசைந்ததா, எப்படித் தெரியும்?

மனிதர் சுத்தமான பேர்வழி. கால்வனாமீட்டரைத் தூக்கிப் பக்கத்து அறையில் வைத்து, நீளக் கம்பியால் இணைத்துவிட்டார். இந்த அறையில் சுருளுக்குள் காந்தத்தை நுழைத்தார். பிறகு நடந்து போய் அந்த அறையில் முள்ளைப் பார்த்தார்.

பூஜ்யம்.

மறுபடி வந்தார். மறுபடி போனார். அப்போதும் பூஜ்யம். சரி, காந்தத்திலிருந்து கரண்ட் வராது போலிருக்கிறது என்று மூட்டை கட்டிவிட்டார்.

நடந்தது என்ன தெரியுமா? காந்தம் உள்ளே போன அந்தக் கணத்தில், ஆளில்லாத பக்கத்து அறையில் முள் துள்ளத்தான் செய்தது. அவர் போய்ச் சேருவதற்குள் பழைய இடத்தில் வந்து உட்கார்ந்துவிட்டது. மானேஜர் கதவைத் திறந்ததும் ஆபீஸே ஃபைலில் தலையைக் கவிழ்த்துக்கொள்ளுமே, அந்த மாதிரி!

காந்தம் சுருளுக்குள் *இருந்தால்* கரண்ட் கிடையாது. *நகர்ந்தால்தான்* கரண்ட். உள்ளே தள்ளும்போது முள் ஒரு பக்கம் துள்ளும். வெளியே இழுக்கும்போது எதிர்ப்பக்கம் துள்ளும். நடுவில் சும்மா வைத்திருந்தால், எத்தனை பெரிய காந்தமானாலும், எத்தனை நாள் வைத்திருந்தாலும், ஒரு பைசாவுக்குப் பிரயோசனமில்லை.

இதற்குப் பள்ளிக்கூடப் பாடத்தில் 'மின்காந்தத் தூண்டல்' என்று பெயர். நான் பி.காம். என் பாஷையில் சொல்கிறேன். சுருளுக்குள் கிடக்கும் காந்தம் பேங்க் பேலன்ஸ் மாதிரி, ஆனால் வட்டி இல்லாத பேலன்ஸ். எடுக்கல், போடல் நடக்கிற நேரத்தில் மட்டும்தான் இந்தக் கணக்கில் வரவு வரும்.

கியர் சைக்கிளும் பைக்கும் இத்தனை பெருகாத காலத்தில் சைக்கிள் மிதித்தவர்களுக்கு இந்த விளக்கமே அநாவசியம். டயரின் ஓரமாகச் சின்ன பாட்டில் மாதிரி ஒரு டைனமோ தொங்கும். தட்டிவிட்டால் அதன் தலை டயரில் உரசிச் சுழலும். உள்ளே காந்தம் சுற்றும். அதைச் சுற்றிக் கம்பிச் சுருள். வேகமாக மிதித்தால் முன்விளக்கு பளிச். மெதுவாகப் போனால் மஞ்சள் காமாலை. நின்றால் இருட்டு.

இந்த விளக்கின் விசேஷ குணம், எங்கே வெளிச்சம் அவசரமாகத் தேவையோ, அதாவது பள்ளத்தைப் பார்த்து பிரேக் பிடிக்கிற இடத்தில், கரெக்டாகக் கைவிட்டுவிடும். போதாததற்கு நாற்சந்தியில் கான்ஸ்டபிள் வேறு.

"எங்கடா லைட்டு?"

"நின்னா எரியாது ஸார். மிதிச்சாத்தான் எரியும்."

"என்கிட்டயே கதையா?"

ஸ்டாண்டு போட்டு, சக்கரத்தைக் கையால் சுற்றி, விளக்கை எரிய வைத்துக் காட்டினால்தான் விடுதலை. அப்படிக் காட்டிய ஒவ்வொரு பையனும், தெரியாமலேயே, கொலாடோன் தவறவிட்ட பரிசோதனையை நடுரோட்டில் செய்து காட்டியவன்தான்.

சரி, தவறவிடாதவர் யார்?

மைக்கேல் ஃபாரடே. லண்டனில் ஒரு கொல்லரின் பிள்ளை. பிறந்தது 1791. எழுதப் படிக்க, கொஞ்சம் கூட்டிக் கழிக்க, அவ்வளவுதான் பள்ளிப் படிப்பு. பதின்மூன்று வயதில் ஒரு புத்தகக் கடையில் எடுபிடி. அடுத்த வருஷத்திலிருந்து அங்கேயே பைண்டிங் வேலை பழக ஆரம்பித்தார். மற்ற பைண்டர்கள் அட்டை ஒட்டினார்கள். இவர் ஒட்டுவதற்கு முன்னால் உள்ளே இருப்பதைப் படித்துவிடுவார். என்சைக்ளோபீடியாவில் மின்சாரம் பற்றிய கட்டுரையை அப்படித்தான் படித்தார்.

1812-ல் கடைக்கு வந்த ஒரு வாடிக்கையாளர், ஹம்ஃப்ரி டேவி என்ற பெரிய விஞ்ஞானியின் சொற்பொழிவுகளுக்கு டிக்கெட் கொடுத்தார். பையன் போய் உட்கார்ந்து வரிவரியாகக் குறிப்பெடுத்தான். அதைப் படங்களோடு அழகாக எழுதி, தானே பைண்ட் செய்து, 'ஏதாவது வேலை கிடைக்குமா?' என்று டேவிக்கே அனுப்பி வைத்தான். அப்ளிகேஷன் என்றால் இதுவல்லவோ அப்ளிகேஷன்!

வேலை உடனே கிடைக்கவில்லை. அடுத்த வருஷம் ராயல் இன்ஸ்டிடியூஷனில் ஓர் உதவியாளர், கருவி செய்பவரோடு அடிதடியில் இறங்கி வேலையை இழந்தார். அந்தக் காலி இடம் ஃபாரடேக்கு. வாரம் 25 ஷில்லிங் சம்பளம், மாடியில் தங்க இரண்டு அறை. இருவர் கைகலந்ததில் உலகத்துக்கு ஒரு ஃபாரடே கிடைத்தார். (இதை முன்னுதாரணமாகக் கொண்டு யாரும் ஆபீஸில் சட்டையைப் பிடிக்க வேண்டாம்.)

ஃபாரடேயும் எடுத்த எடுப்பில் ஜெயிக்கவில்லை. 1820-களில் சில தடவை முயன்று, ஒன்றும் தேறாமல் விட்டுவிட்டு வேறு வேலை பார்க்கப் போனவர்தான். 1831 ஆகஸ்ட் 29-ம் தேதி மறுபடி உட்கார்ந்தார். ஓர் இரும்பு வளையம். அதன் ஒரு பாதியில் ஒரு கம்பிச் சுருள், மறுபாதியில் இன்னொன்று. இரண்டுக்கும் நடுவில் தொடர்பே கிடையாது. முதல் சுருளை பேட்டரியில் இணைத்தார். இரண்டாவது சுருளின் கம்பிக்கு அருகே வைத்திருந்த முள் ஒரு தடவை துள்ளி அடங்கியது. கரண்ட் ஓடிக்கொண்டிருக்கும்வரை அசையவில்லை. இணைப்பை எடுத்தார். மறுபடி ஒரு துள்ளல்!

முள் அவர் பார்வையில் இருந்தது. கொலாடோனுக்கும் இவருக்கும் அன்றைக்கு வித்தியாசம் அதுதான். இன்றைக்கு உங்கள் தெருமுனையில் 'உர்ர்' என்று உறுமிக்கொண்டு நிற்கிற டிரான்ஸ்ஃபார்மருக்கு மூதாதை அந்த வளையம்.

அக்டோபர் 17. காகிதக் குழாய் ஒன்றின்மேல் செம்புக் கம்பிச் சுருள்கள். எட்டரை அங்குல நீளத்தில் ஒரு காந்தத் துண்டு. சடாரென்று உள்ளே தள்ளினார், முள் துள்ளியது. வெளியே இழுத்தார், எதிர்ப்பக்கம் துள்ளியது. பேட்டரி இல்லை, அமிலம் இல்லை. வெறும் கை, காந்தம், கம்பி. அதே மாதம் 28-ம் தேதி, பெரிய காந்தம் ஒன்றின் நடுவே செம்புத் தட்டைச் சுழற்றி, துள்ளி அடங்காமல் தொடர்ந்து வருகிற கரண்ட்டையும் எடுத்துவிட்டார். உலகத்தின் முதல் ஜெனரேட்டர் அதுதான்.

'இதனால் என்ன லாபம்?' என்று மந்திரி கேட்டதாகவும், 'ஒருநாள் நீங்கள் இதற்கு வரி போடுவீர்கள்' என்று ஃபாரடே சொன்னதாகவும் ஒரு கதை உலவுகிறது. கதை ஜோர். ஆனால் அந்தக் காலப் பதிவு எதிலும் அது இல்லை. வரி போட்டது மட்டும் வாஸ்தவம்.

இந்த இடத்தில் என் பி.காம். மூளைக்கு ஒரு யோசனை வந்தது. காந்தம் தேய்வதில்லை. கம்பியும் கரைவதில்லை. ஆட்டினால் கரண்ட். அப்படியென்றால் இது இலவசம்தானே? எலெக்ட்ரிகல் படித்த மச்சினனிடம் கேட்டேன்.

"அத்தான், நீங்க டைனமோ சைக்கிள் மிதிச்சிருக்கீங்கதானே? டைனமோவைப் போட்டதும் பெடல் எப்படி இருக்கும்?"

"கனக்கும்."

"ஏன்?"

"டயர்ல உரசுதே."

"உரசல் கொஞ்சம்தான். பல்பு எரிய எரிய, சுருள்ல ஓடற கரண்ட்டே ஒரு காந்தமாகி, உள்ளே சுத்தற காந்தத்தைப் பிடிச்சு இழுக்கும். 'சுத்தாதே, சுத்தாதே'ன்னு தடுக்கும். அந்தத் தடையை மீறி நீங்க மிதிக்கிறீங்களே, அந்த உழைப்புதான் வெளிச்சம். லென்ஸ்னு ஒருத்தர் 1834-ல் சொல்லிட்டார். ஓசி கிடையாது, அத்தான்."

அட, இது டபுள் என்ட்ரி! பல்பில் வரவு என்றால் தொடையில் பற்று. ஐந்தொகை இரண்டு பக்கமும் டாலி ஆகிறது.

நம்பிக்கையில்லையா? ஒரு மீட்டர் செம்புக் குழாயும், அதற்குள் நுழைகிற நல்ல பலமான காந்தமும் கிடைத்தால் பாருங்கள். செம்பைக் காந்தம் இழுக்காது. ஆனாலும் குழாயை நிமிர்த்திப் பிடித்துக் காந்தத்தை உள்ளே போட்டால், அரை விநாடிக்குள் தரையில் விழவேண்டியது, சாவகாசமாக, கோயில் பிராகாரத்தைச் சுற்றி வருகிறவர் மாதிரி இறங்கி வரும். விழுகிற காந்தம் குழாயில் கரண்ட்டைக் கிளப்ப, அந்தக் கரண்ட் காந்தத்தைத் தாங்கிப் பிடிக்கிறது.

இப்போது சைக்கிளைப் பெரிசாக்குங்கள். பைகாராவில் 1932-ல் ஓட ஆரம்பித்த மின் நிலையத்தில் மிதித்தது மலையிலிருந்து விழுந்த தண்ணீர். நெய்வேலியில் பழுப்பு நிலக்கரி எரித்த நீராவி. கல்பாக்கத்தில் அணுவின் சூட்டில் கொதித்த நீராவி. முப்பந்தலில் காற்று. அணு, அனல், புனல் என்று பெயர்தான் வேறு. கடைசியில் நடப்பது ஒன்றே: கம்பிச் சுருளுக்குப் பக்கத்தில் காந்தம் சுற்றுகிறது. (சோலார் தகடு மட்டும் வேறு ஜாதி. அதில் காந்தமும் இல்லை, சுற்றலும் இல்லை.) பெரிய அனல் மின் நிலையத்தில் அந்தச் சுழலும் காந்தம் நிமிஷத்துக்கு 3,000 சுற்று. விநாடிக்கு 50. உங்கள் வீட்டு மிக்ஸி, ஃபேன் அடியில் '50 ஹெர்ட்ஸ்' என்று போட்டிருக்கிறதே, அந்த ஐம்பது இதுதான்.

அந்தப் பெரிய சைக்கிளுக்கும் பெடல் கனக்கும். சாயங்காலம் ஆறரை மணிக்கு ஊரே வீட்டுக்கு வந்து லைட், டி.வி., ஏ.ஸி. எல்லாவற்றையும் தட்டும்போது, எங்கோ தூரத்தில் அந்தக் காந்தம் சுற்ற முடியாமல் மூச்சு வாங்குகிறது. வேகம் ஒரு துளி குறைகிறது. உடனே அங்கே கூடுதல் நீராவியை, கூடுதல் தண்ணீரைத் திறந்துவிட்டாக வேண்டும். முடியாமல் போனால், சில ஏரியாக்களை அவிழ்த்துவிட்டால்தான் மற்றவர்கள் பிழைக்க முடியும். மெழுகுவத்தியைத் தேடிக்கொண்டு நாம் திட்டுகிறோமே, அந்தப் பவர் கட்டுக்கு ஒரு காரணம் இதுவும்தான்.

கணக்குப் பிள்ளையாகக் கடைசியாக ஒரு கணக்கு. நல்ல திடகாத்திரமான ஆள் தொடர்ந்து சைக்கிள் மிதித்தால் சுமார் 100 வாட் தேறும். ஒரு யூனிட் கரண்ட்டுக்கு அவர் பத்து மணி நேரம் மிதிக்கவேண்டும். ஒன்றரை கிலோவாட் இழுக்கிற ஏ.ஸி.யைப் போட்டுக்கொண்டு நீங்கள் போர்வைக்குள் சுருண்டால், கட்டிலைச் சுற்றி 15 பேர் விடாமல் மிதித்துக்கொண்டிருப்பதாக அர்த்தம். ஆளில்லாத அறையில் ஃபேன் சுற்றுகிறதே, அதற்கும் ஒருத்தர் மிதிக்கிறார். எழுந்து போகும்போது ஸ்விட்சை அணைத்தால் அவர் கொஞ்சம் தண்ணீர் குடிப்பார்.

கொலாடோன் என்ன ஆனார் என்று கேட்பீர்கள். ஒன்றும் குடிமுழுகிப் போய்விடவில்லை. அடுத்த வருஷமே, 1826-ல், ஜெனிவா ஏரியில் இரண்டு படகுகளை 13 கிலோமீட்டருக்கு மேல் தள்ளித் தள்ளி நிறுத்தினார். ஒரு படகிலிருந்து தண்ணீருக்குள் மணியடித்தார்கள். அடித்த அதே கணத்தில் வெடிமருந்து பளீரென்று எரிந்தது. இன்னொரு படகில் நீருக்குள் குழாயை விட்டுக் காதை வைத்திருந்த கொலாடோன், வெளிச்சத்துக்கும் ஓசைக்கும் இடையே எத்தனை விநாடி என்று கணக்கிட்டார். தண்ணீரில் ஒலி விநாடிக்கு 1,435 மீட்டர் வேகத்தில் ஓடுகிறது என்று சொன்னார். இன்றைய அளவோடு ஒத்துப்போகிற விடை.

கவனித்தீர்களா? இந்தத் தடவை அந்தப் பக்கம் மணியடிக்க வேறு ஆள். இவர் கருவியை விட்டு எழுந்திருக்கவே இல்லை.