ஒரு மீற்றர் தண்டவாளம் என்ன விலை?

1990 ஜூன் 13 அன்று போரால் யாழ்ப்பாணத்துக்கான ரயில் சேவை நின்றது. 2014 ஒக்டோபர் 13 அன்று யாழ்ப்பாணம் ஸ்டேசனுக்கு மீண்டும் ரயில் வந்தது. இடையில் போனது 24 ஆண்டும் 4 மாதமும், நாட்கணக்கில் 8,888. நம் ஊரான அரியாலையில் இந்த 8,888 நாட்களுக்குள்ளேயே பிறந்து, படித்து, கல்யாணம் முடித்துப் பிள்ளை பெற்றவர்கள் உண்டு. ஊருக்குள்ளால் கோச்சி ஓடியதென்று தாய் தகப்பன் சொல்லித்தான் அவர்களுக்குத் தெரியும். பாதை மட்டும் கிடந்தது, அதுவும் தண்டவாளம் இல்லாமல்.

இந்தப் பாதைக்கு எவ்வளவு செலவானது, எவ்வளவு கல்லும் இரும்பும் போனது, இன்னும் எவ்வளவு கடன் நிற்கிறது என்பதை ஊர்க்காரர் ஒருமுறை உட்கார்ந்து கூட்டிப் பார்ப்பது நல்லது. பாதை நம் வளவுக்குப் பக்கத்தால் போகிறது. கடனும் நம் பேரில்தான் இருக்கிறது.

பழைய பக்கத்திலிருந்து வருவோம். கொழும்புப் பக்கத்துப் பாதை 1894இலேயே குருநாகலுக்கு வந்துவிட்டது. அங்கிருந்து வடக்கே போகும் வேலை, ஆளுநர் வெஸ்ட் ரிட்ஜ்வேயின் காலத்தில், 1900இல் தொடங்கியது. ஆனால் முதலில் திறக்கப்பட்ட துண்டு தெற்கே இல்லை. காங்கேசன்துறையிலிருந்து சாவகச்சேரி வரையான 21 மைல் பாதை 1902 மார்ச் 11 அன்று திறந்தது. அதே ஆண்டு செப்டெம்பரில் பளை வரை நீண்டது. குருநாகலிலிருந்து மதவாச்சி வரை ரயில் வந்தது 1904 நவம்பர் 1 அன்றுதான். மதவாச்சிக்கும் பளைக்கும் இடையே கிடந்த வன்னிக்காடு கடைசியாக இணைந்து, 1905 ஓகஸ்ட் 1 அன்று கொழும்பிலிருந்து முதல் ரயில் யாழ்ப்பாணம் வந்தது.

ஆக, கொழும்புக்குப் போக வழியில்லாமல், குடாநாட்டுக்குள் மட்டும் ஒரு ரயில் 3 ஆண்டும் 4 மாதமும் ஓடியிருக்கிறது. என்ஜினும் பெட்டியும் தண்டவாளமும் கடல் வழியாகத்தான் வந்து இறங்கியிருக்க முடியும். வேறு வழி அப்போது இல்லை. அரியாலையார் கொழும்பை ரயிலில் காண்பதற்கு மூன்று ஆண்டு முன்னரே காங்கேசன்துறைக் கடலை ரயிலில் போய்ப் பார்த்திருக்கலாம்.

1905இன் முதல் ரயில் எடுத்த நேரம் 13 மணித்தியாலம் 20 நிமிடம். தூரம் சுமார் 400 கிலோமீற்றர் என்று வைத்தால் மணிக்கு 30 கிலோமீற்றர். இன்றைக்கு ஸ்கூட்டர்காரர்கூடப் பொறுமை இழக்கும் வேகம். ஆனால் அதற்கு முன் தெற்கே போவதென்றால் மாட்டுவண்டியில் நாட்கணக்கு, கப்பலில் காற்றின் தயவு. அந்தக் கணக்கோடு ஒப்பிட்டால் 13 மணித்தியாலம் பெரிய இலாபம்.

குருநாகலிலிருந்து காங்கேசன்துறை வரை சுமார் 200 மைல். அது ஐந்தே ஆண்டில் முடிந்தது. ஆண்டுக்கு 40 மைல், அதாவது 64 கிலோமீற்றர். பாதை அகலம் 5 அடி 6 அங்குலம், இந்தியாவின் அகலப் பாதைக்குச் சமம். ஒரு நூற்றாண்டுக்குப் பிறகு இந்தியக் கம்பனி ஒன்று வந்து அதே அகலத்தில் மறுபடி போடும் என்று அன்று அளந்தவர்கள் எண்ணியிருக்க மாட்டார்கள்.

குடாநாட்டுப் பாதை எங்கும் தண்ணீரை விட்டு அதிக தூரம் விலகுவதில்லை. ஆனையிறவில் இருபக்கமும் நீர். நாவற்குழியில் கடல்நீரேரிக்கு மேலால் பாலம். பாலம் தாண்டியதும் அரியாலை. பிறகு புங்கன்குளம், யாழ்ப்பாணம். அங்கிருந்து வடக்கே திரும்பிக் கொக்குவில், கோண்டாவில், இணுவில், சுன்னாகம், மல்லாகம், தெல்லிப்பழை வழியாகப் போய்க் கடற்கரையில் முடிகிறது. உப்புக்காற்று இரும்பைத் தின்னும் என்பது கூரைத்தகடு மாற்றுகிற ஒவ்வொரு வீட்டுக்காரருக்கும் தெரியும். அதற்கு மேல் இன்னொன்று: யாழ்ப்பாணத்து நிலம் முழுக்கச் சுண்ணாம்புக்கல். தண்டவாளத்துக்கு அடியில் போடுகிற கருங்கல் இங்கே கிடையாது. பாதைக்கு வேண்டிய கல் எல்லாம் பெருநிலத்திலிருந்து வரவேண்டும்.

ரயில் ஏற்றிக்கொண்டு போன சரக்கு இந்த மண்ணின் விளைச்சல்: புகையிலை, வெங்காயம், கருவாடு, பனங்கட்டி. ஆனையிறவு உப்பும் ரயிலில் போயிற்று. 1950இல் காங்கேசன்துறைச் சீமெந்துத் தொழிற்சாலை வந்தபின் சீமெந்தும் சேர்ந்தது. 1956 ஏப்ரல் 23 அன்று யாழ்தேவி என்ற ரயில் ஓடத் தொடங்கியது. முதல் ரயிலின் 13 மணித்தியாலம் அதன் காலத்தில் ஏறக்குறைய பாதியாயிற்று. காலையில் கொழும்புக் கோட்டையில் ஏறுகிற உத்தியோகத்தர் பின்னேரத்துக்கு முன் வீட்டில் நிற்பார். அரசாங்க உத்தியோகத்தை நம்பியிருந்த யாழ்ப்பாணத்துக் குடும்பங்களின் அன்றைய ஒழுங்கு முழுவதும் இந்த ரயிலின் நேர அட்டவணையோடு ஒட்டிக்கொண்டிருந்தது.

1905 ஓகஸ்டிலிருந்து 1990 ஜூன் வரை 84 ஆண்டும் 10 மாதமும். கடைசி ஆண்டுகளில் ஓட்டம் ஒழுங்காக இல்லை. 1985 ஜனவரி 19 அன்று முறிகண்டியில் யாழ்தேவி தாக்கப்பட்டது. படையினரோடு பொதுமக்களும் மாண்டார்கள். 1990க்குப் பிறகு ரயில் வவுனியாவோடு நின்றது. வடக்கே இருந்த தண்டவாளமும் சிலிப்பர்க்கட்டையும் பதுங்குகுழிகளுக்குக் கூரையாயின. பாதை கிடந்த மேடு பல இடத்தில் ஒழுங்கையாயிற்று. அதில் சைக்கிள் ஓடியது.

1995 ஒக்டோபர் 30 இரவு வலிகாமத்து மக்கள் தென்மராட்சிக்கு வெளியேறியபோது, இலட்சக்கணக்கானோர் கால்நடையாக நாவற்குழிப் பாலத்தைக் கடந்தார்கள். ஒரு ரயில் இருந்திருந்தால் வயோதிபரையும் கைக்குழந்தைகளையும் அதில் ஏற்றியிருக்கலாம். இப்படி ஒரு இழப்பை எந்த நிரலில் போடுவது? நான் அதை 8,888க்குள் ஒரு நாளாக மட்டும் எழுதி விட்டுவிடுகிறேன்.

இனி மீளக் கட்டிய செலவு. போர் முடிந்தபின் பாதை துண்டு துண்டாகத் திறந்தது: 2011 மே மாதத்தில் ஓமந்தை, 2013 செப்டெம்பர் 14 அன்று கிளிநொச்சி, 2014 மார்ச் 4 அன்று பளை, ஒக்டோபரில் யாழ்ப்பாணம், 2015 ஜனவரி 2 அன்று காங்கேசன்துறை. ஓமந்தைக்கு வடக்கே வேலையைச் செய்தது இந்திய அரசின் இர்கோன் நிறுவனம். பணம் இந்தியக் கடன். ஓமந்தை முதல் பளை வரை சுமார் 90 கிலோமீற்றருக்கு 185 மில்லியன் டொலர். பளை முதல் காங்கேசன்துறை வரை 56 கிலோமீற்றருக்கு ஏறக்குறைய 150 மில்லியன். மதவாச்சியிலிருந்து தலைமன்னார் வரையான 106 கிலோமீற்றருக்கு 231 மில்லியன். சமிக்ஞை, தொலைத்தொடர்பு வேலைக்குத் தனி ஒப்பந்தம்.

வகுத்துப் பார்த்தால் வன்னிப் பகுதியில் ஒரு கிலோமீற்றருக்கு 20 இலட்சம் டொலருக்குச் சற்று மேல். மன்னார்ப் பக்கம் சுமார் 22 இலட்சம். குடாநாட்டுக்குள் 27 இலட்சம். இங்கே விலை கூடியதற்குக் காரணம் தேட அதிக தூரம் போகத் தேவையில்லை என்று நினைக்கிறேன். மூன்று கிலோமீற்றருக்கு ஒன்று என்ற நெருக்கத்தில் ஸ்டேசன்கள். கல் முழுக்க வெளியிலிருந்து வரவேண்டும். நாவற்குழியில் நீரைத் தாண்டவேண்டும்.

தெற்கே ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்த மாகோ–ஓமந்தைப் பாதையை 2023இலும் 2024இலும் மூடித் திருத்தினார்கள். 128 கிலோமீற்றருக்கு 91.27 மில்லியன் டொலர், கிலோமீற்றருக்கு 7 இலட்சம். இருந்த பாதையைத் திருத்துவதற்கும் இல்லாமல் போன பாதையைப் போடுவதற்கும் இடையே உள்ள வித்தியாசம் ஏறக்குறைய நான்கு மடங்கு. 26 ஆண்டுப் போரின் செலவை ஒரு கிலோமீற்றர் தண்டவாளத்தில் காட்டச் சொன்னால் நான் இந்த 20 இலட்சம் டொலர் வித்தியாசத்தைக் காட்டுவேன்.

வேகத்தையும் பார்க்கலாம். ஓமந்தைக்கு வடக்கே 146 கிலோமீற்றர் முடிய ஏறக்குறைய நான்கு ஆண்டு. ஆண்டுக்கு 36 கிலோமீற்றர். மண்வெட்டியும் கூடையுமாக 1900இல் தொடங்கியவர்கள் இதைவிட வேகமாகப் போயிருக்கிறார்கள். ஆனால் அவர்களுடைய பாதையில் கண்ணிவெடி இல்லை.

பொருட்களின் அளவு என் மதிப்பீடு. அகலப் பாதைக்குப் பொதுவாக வைக்கும் அளவுகளை எடுத்துக்கொண்டிருக்கிறேன். 60 சென்ரிமீற்றருக்கு ஒரு கொங்கிரீட் சிலிப்பர் என்றால், பளை முதல் காங்கேசன்துறை வரை 93,000 சிலிப்பர். ஒன்று 270 கிலோ என்றால் மொத்தம் 25,000 தொன். மீற்றருக்கு 50 கிலோ தண்டவாளம், இருபக்கமும், 5,600 தொன் உருக்கு. கிலோமீற்றருக்கு 2,000 கன மீற்றர் கல் என்றால் 1,12,000 கன மீற்றர். நம் டிப்பர்க்காரர் கணக்கில் 39,500 கியூப். மூன்று கியூப் ஏற்றும் டிப்பரில் 13,000 தடவை. அரியாலைக்குள்ளால் போகும் ஒவ்வொரு கிலோமீற்றருக்கும் அடியில் 700 கியூப் வன்னிக் கல் கிடக்கிறது என்று கொள்ளலாம். வீடு கட்ட இரண்டு கியூப் கல்லுக்கு அலைந்தவர்களுக்கு இந்த எண்ணின் பாரம் தெரியும்.

அடுத்தது கடன். 2014இல் ஒரு டொலர் சுமார் 130 ரூபா. பளை–காங்கேசன்துறைப் பகுதியின் 150 மில்லியன் டொலர் அப்போது 1,950 கோடி ரூபா. இன்றைக்கு டொலர் 300 ரூபா அளவில் நிற்கிறது. அதே 150 மில்லியன் இப்போது 4,500 கோடி. ஒரு சிலிப்பர்கூட அதிகமாகப் போடாமல், ரூபாவின் வீழ்ச்சியில் மட்டும் பாதையின் ரூபா விலை இரண்டு மடங்குக்கு மேல் ஏறிவிட்டது. 2022 ஏப்ரலில் இலங்கை வெளிநாட்டுக் கடன் கட்டுவதை நிறுத்தியது. 2024 ஜூன் 26 அன்று இந்தியா உள்ளிட்ட கடன்கொடுத்த நாடுகளோடு மறுசீரமைப்பு உடன்பாடு வந்தது. தவணை தள்ளிப்போனது. டொலரில் வாங்கியது டொலரில்தான் போகும்.

சரி, ஒரு மீற்றர் தண்டவாளம் என்ன விலை? 150 மில்லியனை 56,000 மீற்றரால் வகுத்தால் 2,680 டொலர். திறந்த ஆண்டின் ரூபாவில் 3,48,000. இன்றைய ரூபாவில் 8 இலட்சத்துக்குச் சற்று மேல்.

இந்த எண்ணைக் கையில் வைத்துக்கொண்டு அரியாலையில் ஒரு கடவைக்குப் போவோம். கண்டி வீதியிலிருந்து நெடுங்குளம் பக்கம் இறங்குகிறவர், கடற்கரைப் பக்கத்திலிருந்து சந்தைக்கோ பள்ளிக்கூடத்துக்கோ வருகிறவர், எவரும் தண்டவாளத்தைக் கடந்தாக வேண்டும். கடவையில் வீதி சற்று மேடேறும். சைக்கிளில் பாரத்தோடு வருகிறவர் அந்த மேட்டில் குனிந்து மிதிப்பார். தலை நிமிர்ந்து இருபக்கமும் பார்க்கவேண்டிய இடமும் அதுவேதான். வேலியும் வடலியும் பார்வையை மறைக்கும். சோளகம் வீசும் மாதங்களில் ரயிலின் சத்தம் காற்றோடு போய்விடும். பழைய தண்டவாளத்தில் துண்டுக்குத் துண்டு கடகடவென்று தூரத்திலேயே கேட்டுக்கொண்டு வரும் கோச்சி, இப்போது உருக்கி ஒட்டிய தண்டவாளத்தில் அமைதியாகவும் விரைவாகவும் வந்துவிடுகிறது. 2014க்குப் பிறகு வடக்கின் காவலற்ற கடவைகளில் உயிர்கள் போயிருக்கின்றன, அரியாலையிலும் போயிருக்கின்றன.

கடவைகளைக் காக்கப் பொலிசின் ஊடாக ஆட்களை எடுத்தார்கள். நாளுக்கு 250 ரூபா, மாதம் 7,500. நிரந்தர நியமனம் இல்லை. இந்தச் சம்பளத்துக்கு எதிராக வடக்கிலும் கிழக்கிலும் கடவைக் காப்பாளர்கள் பல தடவை போராட்டத்தில் இறங்கினார்கள். தகரக் கொட்டிலின் கீழ் வெயிலிலும் மாரியிலும் நின்று, ரயில் வரும் நேரம் கேட்டறிந்து, தடியைக் குறுக்கே போட்டு மனிதரையும் மாட்டையும் மறிக்கிற வேலை அது. தவறினால் உயிர் போகும்.

3,48,000ஐ 7,500ஆல் வகுங்கள். 46 மாதம். ஒரு மீற்றர் தண்டவாளத்துக்குக் கொடுத்த பணத்தில் ஒரு கடவைக் காப்பாளருக்கு ஏறக்குறைய நான்கு ஆண்டுச் சம்பளம். ஆயிரக்கணக்கான தொன் உருக்கைக் கடல்கடந்து கொண்டுவரத் திட்டம் போட்டவர்கள், அந்த உருக்கின் மேலால் நடந்துபோகிற மனிதரின் பக்கத்தில் எழுதிய தொகை நாளுக்கு 250 ரூபா. எனக்கு இதில் கோபம் உண்டு. ரயில் வந்ததில் அளவில்லாத மகிழ்ச்சியும் உண்டு. ஒன்று மற்றதைக் குறைக்கவில்லை.

கௌரவமான சம்பளம் என்று மாதம் 40,000 ரூபா வைத்து, நாளைக்கு மூன்று முறைமாற்றம் என்று மூன்று பேரை நிறுத்தினாலும், ஒரு கடவைக்கு ஆண்டுச் செலவு 14,40,000 ரூபா. இன்றைய விலையில் அது 1.8 மீற்றர் தண்டவாளம். அரியாலையில் ஐந்து கடவைக்கு இப்படிக் காவல் போடுவதாக வைத்துக்கொண்டால் ஆண்டுக்கு 9 மீற்றர். திருத்த வேலைக்கு அடுத்த மதிப்பீடு எழுதும்போது ரயில்வேத் திணைக்களம் இந்த 9 மீற்றரையும் சேர்த்து எழுதவேண்டும். மின்னொலிக் கடவை போடுவதானால் அதன் விலையை முன்வைக்கட்டும். போடும்வரை அங்கே மூன்று மனிதர் முறையான நியமனக் கடிதத்தோடு நிற்கட்டும்.